அவள் பெயருக்கு நேரே அவர் எண்

ஓய்வு பெற்று இன்னும் ஓராண்டு ஆகவில்லை. பிரிவில் எனக்குப் பின் வந்த பெண்கள் எங்கள் ஊழியர் இதழுக்கு ஒரு கட்டுரை கேட்டார்கள். "மேடம், கலந்தாய்வெல்லாம் இப்ப கம்ப்யூட்டர்ல வந்துட்டு. ஹால்ல உக்காந்து நடத்துனத நாங்க பாத்ததில்ல. அத எழுதுங்க" என்றார்கள். சரி என்றேன். அப்போதே எழுதியிருந்தால் சிரிக்கச் சிரிக்க நாலு சம்பவம் சொல்லி முடித்திருப்பேன். நாள் தள்ளிப்போயிற்று. அதற்குள் என் வீட்டிலேயே ஒன்று நடந்துவிட்டது.

என் மகள் உமா அரசு உயர்நிலைப் பள்ளி ஒன்றில் அறிவியல் ஆசிரியை. இந்த ஆண்டு அவளுக்கு மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் ஆசிரியையாகப் பதவி உயர்வு வந்தது. அதை அவள் வேண்டாம் என்று விட்டுவிட்டதாகக் கணினியில் பதிவாகியிருக்கிறது. விட்டது அவள் இல்லை. அவள் கணவர். அந்தப் பதவி அவளுக்குத் திரும்பக் கிடைக்குமா என்பது இதை எழுதும் இந்த நிமிடம் வரை தெரியவில்லை. ஆகவே இந்தக் கட்டுரையில் சிரிப்பை அதிகம் எதிர்பார்க்க வேண்டாம்.

நான் தேர்வு எழுதிக் கல்வித் துறையில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தவள். எந்த அலுவலகம், எந்த அதிகாரி என்று எழுதப்போவதில்லை. அங்கே இருந்தவர்களுக்குத் தெரியும், தெரியாதவர்களுக்குத் தேவையில்லை. முதல் சில ஆண்டுகள் தபால் பதிவதிலும், கோப்புக்கு நூல் கோர்ப்பதிலும், வரைவு எழுதிச் சிவப்பு மையில் திட்டு வாங்குவதிலும் போயின. பிறகு ஆசிரியர் பதவி உயர்வுப் பிரிவுக்கு வந்தேன். இடையில் ஒருமுறை தூத்துக்குடிக்குப் போய் வந்தது தவிர, ஓய்வு பெறும்வரை அந்தப் பிரிவை விட்டு நகரவில்லை.

கலந்தாய்வு நாளில் ஒரு பள்ளியின் பெரிய ஹாலைக் கேட்டு வாங்குவோம். முன்பக்கம் கரும்பலகை. காலியிடங்களை நான்தான் எழுதுவேன். என் கையெழுத்து பின்வரிசை வரை தெரியும் என்பதால். பணிமூப்பு வரிசைப்படி பெயர் வாசிக்கப்படும். வாசிக்கப்பட்டவர் முன்னால் வந்து, பலகையைப் பார்த்து, ஊரைச் சொல்ல வேண்டும். அதிகாரி தலையசைத்தால் அந்த ஊரை நான் சாக்பீஸால் அடிப்பேன். தட்டச்சர் ஆணையை அடிப்பார். அவ்வளவுதான். இருபத்தைந்து ஆண்டு உழைப்பு ஒரு கோட்டில் முடியும்.

வேண்டாம் என்பவர்களுக்கு ஒரு வழி உண்டு. அதற்கு அலுவலகத்தில் நாங்கள் சொல்லும் பெயர் 'உரிமை விடல்'. பதவி உயர்வுக்கு எனக்குள்ள உரிமையைத் தற்போது விட்டுக்கொடுக்கிறேன் என்று தன் கைப்பட எழுதி, அதிகாரி முன்னிலையில் கையெழுத்திட வேண்டும். அதன் பிறகு சில ஆண்டுகளுக்கு அவர் பெயர் வரிசையில் வராது. இந்த நேரில் வந்து கையெழுத்திடும் விதியை யார் எழுதினாரோ, அவர் மனிதர்களை அறிந்தவர்.

உரிமை விட்டவர்கள் யார் என்று நினைக்கிறீர்கள்? ஆண்களும் உண்டு. ஓய்வுக்கு ஓராண்டு இருக்கும்போது ஊர் மாற விரும்பாதவர்கள், சொந்த ஊரில் தோட்டம் வைத்திருப்பவர்கள். மற்றபடி அதிகாரி முன்னிருந்த நாற்காலியில் உட்கார்ந்து எழுதியவர்கள் எல்லாம் பெண்கள். பாடத்தில் கெட்டிக்காரர்கள். தலைமை ஆசிரியர் இல்லாத நாளில் பள்ளியையே நடத்தியவர்கள். பேனாவை எடுத்து, 'குடும்பச் சூழ்நிலை காரணமாக' என்று முதல் வரியை யாரும் சொல்லாமலே எழுதுவார்கள்.

ஹாலின் ஜன்னல்களுக்கு வெளியே கணவன்மார் நிற்பார்கள். உள்ளே வர அனுமதியில்லை. ஜன்னலுக்கு அனுமதி தேவையில்லையே. மனைவி பலகையைப் பார்ப்பாள். பிறகு ஜன்னலைப் பார்ப்பாள். ஒருமுறை ஒரு கணவர் ஹெல்மெட்டைக் கழற்றாமலே தலையை ஆட்டினார். ஆமாவா இல்லையா என்று அந்த டீச்சருக்குப் புரியவில்லை. "சார், தொப்பியக் கழத்திட்டு ஆட்டுங்க" என்று பின்வரிசையிலிருந்து யாரோ சொல்ல, ஹாலே சிரித்தது. நானும் சிரித்தேன். அவர் ஹெல்மெட்டைக் கழற்றினார். இல்லை என்று ஆட்டினார். அந்த டீச்சர் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

அந்த ஆண்டுகளில் எங்களுக்கு இருந்த அதிகாரியைப் பற்றிச் சொல்ல வேண்டும். குரல் உயர்த்தி ஒருநாளும் பேசியதில்லை. வெள்ளை அரைக்கைச் சட்டை, நெற்றியில் மெல்லிய திருநீறு. பெண்கள் வந்தால் முதலில் நாற்காலியைக் காட்டுவார். தண்ணீர் டம்ளரைத் தன் கையாலேயே நகர்த்தி வைப்பார். "உக்காருங்கம்மா. சார் வந்திருக்காங்களா?" இதுதான் முதல் கேள்வி. சார் என்றால் அந்த அம்மாவின் கணவர். வரவில்லை என்றால் அவர் முகம் வாடிவிடும். "யோசிச்சுச் சொல்லுங்கம்மா. பதவி இன்னைக்கு வரும், நாளைக்கும் வரும். வீடுன்னு ஒண்ணு இருக்குல்லா" என்பார். அவ்வளவு அன்பாகச் சொல்வார். கேட்கிறவளுக்குத் தன் மேல் அக்கறை கொண்ட ஒருவர் பேசுவது போலவே இருக்கும்.

அடுத்த பெயர் ஓர் ஆணுடையதாக இருக்கும். பலகையில் அதே ஊர்தான் மிச்சம். அவர் தயங்கி நிற்பார். இவர் பேனா மூடியை மேசையில் தட்டிக்கொண்டே, "என்ன வே யோசிக்கீரு? தூரத்தையெல்லாம் பாக்காதீரும். ரெண்டு வருசம் பல்லக் கடிச்சுக்கிட்டு இரும். பதவி பெருசுல்லா" என்பார். இதையும் அதே அன்போடுதான் சொல்வார்.

ஒரே ஊர், ஒரே பஸ், ஒரே பதவி. ஒருவருக்கு வீடு பெரிது. இன்னொருவருக்குப் பதவி பெரிது. இரண்டு பேச்சுக்கும் நடுவில் அவர் மூச்சு கூட விடமாட்டார். கத்துகிற அதிகாரியோடு சண்டை போடலாம். இப்படித் தண்ணீர் கொடுத்துக் கழுத்தை அறுப்பவரோடு என்ன செய்வது?

இப்போது ஜெபமணி டீச்சரின் விஷயத்துக்கு வருகிறேன். என் பணிக்காலத்தில் என்னை இவ்வளவு கோபப்படுத்திய நாள் வேறில்லை.

ராதாபுரம் பக்கத்துக் கிராமப் பள்ளியில் கணக்கு ஆசிரியை. பனங்காட்டுக்குள் இருந்த வேதக்கார, அதாவது கிறிஸ்தவக் குடும்பம். அந்த வீட்டில் முதலில் கல்லூரிக்குப் போனது அவர்தான். அந்த ஆண்டு தலைமை ஆசிரியர் பதவி உயர்வு வரிசையில் அவர் பெயர் மேலாகவே இருந்தது. அவர் ஊரிலிருந்து ஒரே பஸ்ஸில் போகக்கூடிய பள்ளியும் பலகையில் இருந்தது. எடுத்துக்கொள்வார் என்று நான் எண்ணியிருந்தேன்.

காலையில் ஹால் திறந்ததும் அவர் கணவர் வந்துவிட்டார். இரும்புக் கடை வைத்திருப்பவர், நல்ல உடல், நல்ல சிரிப்பு. மேசையில் ஒரு காகிதத்தை வைத்தார். உரிமை விடல். "டீச்சருக்கு மேலுக்குச் சொகமில்ல ஐயா. படுத்திருக்கா. எழுதிக் குடுத்து விட்டா" என்றார்.

"ஐயா, டீச்சர் நேர்ல வந்துல்லா கையெழுத்துப் போடணும்?" என்று நான் அதிகாரியிடம் சொன்னேன்.

அவர் என்னை ஏறிட்டுப் பார்த்தார். "புருசன் கொண்டாந்திருக்காரும்மா. வேற யாரு கொண்டாரணும்?"

"விதியில அப்படி இல்லய்யா."

"விதி அந்நியருக்கு. இவரு அந்நியரா?" என்று அந்த மனிதரைப் பார்த்துச் சிரித்தார். அவரும் சிரித்தார். காகிதம் கோப்புக்குள் போயிற்று. பெயர் வாசிக்கும்போது ஜெபமணி என்று வாசித்து, "உரிமை விட்டாச்சு, அடுத்தது" என்றார்கள். அடுத்து வந்த ஆண் ஆசிரியர் அந்தப் பள்ளியை எடுத்துக்கொண்டார். நான்தான் சாக்பீஸால் அடித்தேன்.

கொஞ்ச நேரத்தில் வாசலில் ஜெபமணி டீச்சர் நின்றார். புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "நாங்குநேரியில பஸ் நின்னுட்டு ஐயா. வேற பஸ்சுல தொத்திக்கிட்டு வாரேன். என் பேர வாசிச்சாச்சா?" என்று கேட்டார். நோயின் சுவடே இல்லை. மூச்சு மட்டும் வாங்கியது.

அதிகாரி நாற்காலியைக் காட்டினார். "உக்காருங்கம்மா. நீங்கதான் உரிமை விட்டு எழுதிக் குடுத்துட்டீங்களே."

"நானா? எப்பம்?"

கோப்பை நான் திறந்து காட்டினேன். டீச்சர் காகிதத்தை வாங்கி வாசித்தார். பிறகு கையெழுத்தின் மேல் விரலை வைத்து, "இதுல என் பேர வாசிங்க" என்று என்னிடம் சொன்னார்.

"சா. ஜெபமணி."

"பணிமூப்பு வரிசையில என்ன இருக்கு?"

"த. ஜெபமணி."

"எங்கய்யா பேரு தங்கையா. சர்ட்டிபிகேட்டுல, சர்வீஸ்ல, சம்பளத்துல எல்லாம் தானாதான். நான் ஒருநாளும் சானா போட்டதில்ல. சானா எங்க வீட்டுக்காரரு, சாமுவேலு." ஜன்னலைப் பார்த்தார். "இத்தன வருசம் என் சம்பளத்த வாங்குன மனுசனுக்கு என் இனிஷியல் என்னன்னு தெரியலய்யா."

ஜன்னலில் நின்றிருந்த அந்தச் சிரிப்பைக் காணவில்லை.

கல்யாணம் ஆனதும் பெண்ணின் தலையெழுத்து மட்டுமல்ல, முன்னெழுத்தும் தன்னுடையது என்று அந்த மனிதர் நம்பியிருந்தார். பொய்க் கையெழுத்துப் போடும்போதுகூட அவருக்கு அதில் சந்தேகமே வரவில்லை.

இப்போது அதிகாரி என்ன செய்திருக்க வேண்டும்? அரசுக் காகிதத்தில் பொய்க் கையெழுத்து. அதைக் கொண்டுவந்தவர் வாசலில் நிற்கிறார். இவர் செய்தது என்ன தெரியுமா? காகிதத்தை டீச்சர் கையிலிருந்து மெல்ல வாங்கினார். நான்காகக் கிழித்தார். எட்டாகக் கிழித்தார். குப்பைக் கூடையில் போட்டுவிட்டு, "இது வந்ததாவே இருக்க வேண்டாம். குடும்ப மானம் பாருங்க. ரெண்டு பேரும் வெளிய போயிப் பைய பேசி, ஒரு முடிவோட வாங்க" என்றார்.

"நான் முடிவோடதான்யா வந்திருக்கேன்" என்றார் ஜெபமணி டீச்சர். "எனக்கு அந்த ஸ்கூலக் குடுங்க."

"அது போயிட்டேம்மா. அவரு எடுத்துட்டாரு."

எடுத்தவர் முதல் வரிசையில்தான் இருந்தார். தரையைப் பார்த்துக்கொண்டு, "முறைப்படிதான எடுத்தேன்" என்றார். முறை!

"ஐயா, பொய்யா வந்த காகிதத்தால போன இடம். திரும்ப வாசிக்கணும்" என்று நான் சொன்னேன். எந்தக் காகிதம் என்று கேட்டார். குப்பைக் கூடையைப் பார்த்தேன். அதற்காகத்தான் கிழித்தார் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. மானம் காக்கப்பட்டது. யாருடைய மானம் என்பதுதான் கேள்வி.

பலகையில் மிச்சமிருந்தது தென்காசிக்கு அப்பால் ஓர் ஊர். ராதாபுரத்திலிருந்து மூன்று பஸ் மாற வேண்டும். டீச்சர் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஜன்னல் பக்கம் திரும்பவே இல்லை. "அதக் குடுங்க" என்றார். ஆணையை வாங்கிப் பையில் வைத்துக்கொண்டு போனார். அந்த ஊரிலேயே மகளோடு வாடகை வீட்டில் இருந்து, பள்ளியை நல்லபடியாக நடத்தி, அங்கேயே ஓய்வு பெற்றார். கணவர் ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து மீன்குழம்பு சாப்பிட்டுவிட்டுப் போவாராம். அவர் மேல் ஒரு விசாரணையும் இல்லை. அதிகாரியின் பிரிவுபசார விழாவில் 'பெண் ஊழியர்களின் சகோதரர்' என்று பேசினார்கள். நான் அன்று விடுப்பு எடுத்துவிட்டேன்.

பிறகு எல்லாம் கணினிக்கு வந்தது. பெயர், பிறந்த நாள், பணியில் சேர்ந்த நாள், செல்போன் எண் என்று ஒவ்வொன்றாகக் கேட்டு ஏற்றினோம். "இனி யாரும் ஜன்னல்ல நிக்க முடியாதுல்லா" என்று நான்தான் பிரிவில் சொன்னேன். அவ்வளவு நம்பிக்கை.

போன் எண் கேட்டபோது டீச்சர்கள் சர்வ சாதாரணமாகச் சொல்வார்கள்: "இவங்க நம்பரப் போட்டுக்கிடுங்க மேடம். நான் கிளாஸ்ல இருந்தா எடுக்க மாட்டேன்." உங்கள் எண்ணே வேண்டும் என்று சொல்லிப் பார்ப்பேன். "எல்லாம் ஒண்ணுதான மேடம்" என்று சிரிப்பார்கள். ஆண் ஆசிரியர் ஒருவர்கூட மனைவியின் எண்ணைக் கொடுத்து நான் பார்த்ததில்லை. உமா வேலையில் சேர்ந்தபோது அவள் எண்ணைத்தான் கொடுத்தாள். கல்யாணத்துக்குப் பிறகு சிம் மாற்றினார்கள். பதிவில் எண்ணை மாற்றும் வேலையை மாப்பிள்ளை செய்து கொடுத்தார். தன் எண்ணைப் போட்டிருந்தார். "ஒரே நம்பர்னா கொழப்பம் இல்ல அத்தை" என்று என்னிடமே சொன்னது நினைவிருக்கிறது.

இந்த முறை அம்பாசமுத்திரம் பக்கம் ஒரு மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் இடம் காலி. உமா வீட்டிலேயே சொல்லியிருக்கிறாள்: "நான் அத எடுக்கப் போறேன். காலைல சீக்கிரம் கெளம்பணும், சாயங்காலம் கொஞ்சம் நேரமாவும்." யாரும் எதுவும் சொல்லவில்லையாம். கலந்தாய்வுப் பக்கம் திறந்த அன்று அவளுக்கு விடைத்தாள் திருத்தும் பணி. அங்கே போனை வாசலில் வாங்கி வைத்துவிடுவார்கள். சாயங்காலம் வெளியே வந்து உள்நுழைந்து பார்த்தால், அவள் பெயருக்கு நேரே 'உரிமை விடல் ஏற்கப்பட்டது' என்று இருந்தது.

என்னைக் கூப்பிட்டாள். "எம்மா, நான் விடலம்மா" என்றாள். திரும்பத் திரும்ப அதையே சொன்னாள். நான் பேருந்துக்குக்கூடக் காத்திருக்காமல் ஆட்டோ பிடித்து அவர்கள் வீட்டுக்குப் போனேன். கிளம்பும்போது என் கணவர், "நிதானமாப் பேசு. புள்ள அங்கனதான் வாழணும்" என்றார். இந்த வாக்கியத்தைக் கண்டுபிடித்தவரை ஒருநாள் நான் பார்க்க வேண்டும்.

மாப்பிள்ளை கதவைத் திறந்து, "வாங்கத்தை. காப்பி சாப்பிடுதீங்களா?" என்றார். நல்லவர்தான். குடிப்பதில்லை, அதட்டுவதில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"மாப்பிள்ளை, உமா லாகின்ல நீங்களா போனீங்க?"

"ஆமா அத்தை. பாஸ்வேர்டு ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான. ஓடிபி என் போனுக்குத்தான் வருது. அவ பேப்பர் திருத்துத டென்ஷன்ல இருந்தா. வீட்ல பேசி முடிவு பண்ணினோம்."

"வீட்லன்னா யாரு?"

"அம்மா, அப்பா, நான்."

"உமா?"

அவர் சிரித்தார். "அவளுக்காகத்தான அத்தை பேசினோம்."

உமா சுவரில் சாய்ந்து நின்றிருந்தாள். சம்பந்தி அம்மாள் முட்டியைத் தேய்த்துக்கொண்டே உள்ளிருந்து வந்தார். "மைனி, பேரன் ஒண்ணாங்கிளாஸ். நான் இந்தக் காலோட அவன் பின்னால ஓட முடியுமா? கோவப்படாதீங்க, ஒண்ணு கேக்கேன். நீங்க தூத்துக்குடிக்கு மாத்தலாகிப் போனீங்களே, அப்பம் உமாவ யாரு வளத்தா? உங்க மாமியாதான?"

"ஆமா மைனி, எங்க மாமியாதான் வளத்தா. முகத்தத் தூக்கி வச்சுக்கிட்டு வளத்தா, வாயில வந்ததெல்லாம் பேசி வளத்தா. ஆனா என் கையெழுத்த அவ போடல" என்றேன்.

"இது கையெழுத்தா மைனி? ஏதோ நம்பர்."

அந்த வார்த்தையில்தான் எனக்கு ஜெபமணி டீச்சரின் நினைவு வந்தது. அந்தக் காலத்து இரும்புக்கடைக்காரருக்கு விடியற்காலையில் பஸ் ஏற வேண்டியிருந்தது. பொய் எழுத வேண்டியிருந்தது, நாலு பேர் முன் சிரிக்க வேண்டியிருந்தது. எங்கேயாவது ஓர் எழுத்துத் தப்பி மாட்டிக்கொள்ளும் ஆபத்தும் இருந்தது. இங்கே ஒரு படித்த பிள்ளை சோபாவில் சாய்ந்தபடி ஆறு எண்களைத் தட்டியிருக்கிறார். ஒன்றும் தப்பவில்லை. அம்பாசமுத்திரம் தூரமாம். மாதத்தில் பாதி நாள் அவர் கம்பெனி வேலையாகச் சென்னையில் இருக்கிறார். அந்த நாட்களில் பிள்ளையின் பின்னால் யார் ஓடுகிறார்கள் என்று யாரும் கூடிப் பேசி முடிவெடுத்ததாகத் தெரியவில்லை.

மறுநாள் உமாவோடு என் பழைய அலுவலகத்துக்குப் போனேன். இப்போதைய அதிகாரி இளம் பெண். பொறுமையாகக் கேட்டார். "அக்கா, கணினில முறையா ஓடிபி போட்டு ஏத்திருக்கு. எனக்குத் தெரியாம இன்னார் பயன்படுத்தினாங்கன்னு டீச்சர் பேரோட புகார் குடுத்தா, முடிவாகுத வரைக்கும் அந்த இடத்த நான் நிறுத்தி வைக்க முடியும். பேரு இல்லாம முடியாது" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "யோசிச்சுக்கிடுங்க. அவரு கணவர்" என்றார்.

உமாவைப் பார்த்தேன். எழுது என்று சொல்ல வேண்டும் போலிருந்தது. எழுதினால் அந்த வீட்டில் அவள் எப்படி இருப்பாள் என்ற பயமும் இருந்தது. இரண்டையும் சொல்லவில்லை. அவள் என்னைக் கேட்கவும் இல்லை. "எங்க டைப் பண்ணணும்?" என்றாள். 'என் கணவர்' என்று அடித்து, அவர் முழுப் பெயரையும் அடித்தாள்.

அனுப்பும் பொத்தானை அழுத்தியதும் பக்கத்தில் நின்ற பிரிவுப் பெண் உதட்டைக் கடித்தாள். "மேடம், புகாருக்கும் ஓடிபி கேக்கு. பதிவுல இருக்க நம்பருக்குத்தான் போவும்."

"நம்பர மாத்து" என்றேன்.

"மாத்தவும் அந்த நம்பருக்குத்தான் மேடம் போவும்."

அந்த அறையில் நாங்கள் நான்கு பெண்கள். நான்கு பேருமாகச் சேர்ந்து ஏறத்தாழ நூறாண்டு படிப்பும் பணியும் இருக்கும். ஓர் ஆணின் செல்போனுக்கு முன் கைகட்டி உட்கார்ந்திருந்தோம்.

உமா போனை எடுத்தாள். எல்லோருக்கும் கேட்கும்படி ஸ்பீக்கரில் போட்டு மேசையில் வைத்தாள்.

"ஏங்க, உங்களுக்கு இப்ப ஒரு ஓடிபி வந்திருக்கும். சொல்லுங்க."

"எதுக்கு உமா? மனசு மாறிட்டியா?"

"புகார் குடுக்கதுக்கு."

"யாரு மேல?"

"உங்க மேல."

பிரிவுப் பெண் சிரிப்பை அடக்க முடியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவர் எண்ணைச் சொல்லவில்லை. எண்ணுக்கு உரிய நேரம் முடிந்துபோனது. மறுபடி அனுப்பினார்கள். "குடுக்காதல. நாளைக்குக் கோர்ட்டுல கொண்டு நிறுத்துவா" என்று பின்னாலிருந்து சம்பந்தி அம்மாளின் குரல் கேட்டது.

உமா கொஞ்சமும் சத்தம் போடவில்லை. "சரி, குடுக்க வேண்டாம். நான் இங்கனயே இருக்கேன். நாளைக்கும் வருவேன். இன்னைக்கு நீங்க வீட்லதான இருக்கீங்க? புள்ளைக்கு மூணரைக்கு ஸ்கூல் விடும். போயிக் கூட்டிட்டு வாங்க. ஹோம்வொர்க் ரெண்டு பக்கம் இருக்கு. சாயங்காலம் அவனுக்கு தோசைதான் வேணும்பான். மாவு ஆட்டல. அரிசி ஊறப் போட்டிருக்கேன்" என்றாள்.

"உமா, வெளையாடாத."

"அத்தைக்குக் காலு முடியாதுல்லா. நீங்கதான் பாக்கணும்."

மூன்றாவது முறை அனுப்பியபோது அவர் எண்ணைச் சொன்னார். ஒவ்வொரு எண்ணாக, பாடம் ஒப்பிக்கிற பிள்ளை மாதிரி. புகார் பதிவாயிற்று. அடுத்த நிமிடமே உமா தன் எண்ணைப் பதிவில் ஏற்றிக்கொண்டாள். அதற்கும் ஓர் எண் கேட்டது, அதையும் அவரே சொல்ல வேண்டியிருந்தது. அம்பாசமுத்திரம் இடம் நிறுத்திவைக்கப்பட்டது. விசாரணைக்கு நாள் குறிப்பார்கள். அதற்குள் உமா புகாரைத் திரும்பப் பெற்றால் எல்லாம் பழையபடி ஆகிவிடும். இடம் அடுத்தவருக்குப் போகும்.

வெளியே வந்ததும், "நம்ம வீட்டுக்கு வாட்டி. ரெண்டு நாள் இரு" என்று அவள் கையைப் பிடித்தேன்.

"எதுக்கும்மா? நான் என்ன தப்புப் பண்ணேன், வீட்ட விட்டு வாரதுக்கு?" என்றாள். "எம்புள்ள அங்கதான் இருக்கான். என் புஸ்தகம் அங்கதான் இருக்கு. நான் அங்கன இருந்துதான் அம்பாசமுத்திரத்துக்குப் போவேன்."

பஸ் ஏறிப் போய்விட்டாள். எனக்குத்தான் அன்றிலிருந்து போன் மணி அடித்தால் பதறுகிறது. அந்த வீட்டில் யாரும் அவளை அடிக்கவில்லை, திட்டவில்லை. எல்லோரும் மரியாதையாக, குறைவாகப் பேசுகிறார்களாம். புகாரைத் திரும்பப் பெறச் சொல்லி உறவுக்காரர் ஒருவர் மாற்றி ஒருவர் வந்து காப்பி குடித்துவிட்டுப் போகிறார்கள். "எத்தன நாளைக்கு வருவாங்கன்னு பாப்பம்மா" என்கிறாள். அவள் குரலில் உள்ள தெம்பு என் உடம்பில் இல்லை.

முந்தாநாள் மாப்பிள்ளை என்னைக் கூப்பிட்டார். குரலில் அதே பணிவு.

"அத்தை, நீங்க ஆபீஸ்ல இருந்தவங்க, உங்களுக்குத் தெரியும்னு கேக்கேன். அந்தப் புகார்ல என் பேரு இருக்காம்லா. அது எங்க கம்பெனிக்குப் போகுமா?"

"ஏன் மாப்பிள்ளை?"

"அடுத்த மாசம் எனக்குப் பிரமோஷன் இருக்கு அத்தை. புனேயில போடுவாங்க. வீட்ல எல்லாரும் சந்தோசமா இருக்கோம். இந்த நேரத்துல இப்படி ஒண்ணு குறுக்க வந்தா நல்லா இருக்குமா? நீங்களே சொல்லுங்க."

முப்பது ஆண்டுகளுக்கு மேல் விதிகளைப் படித்தவள். என்னிடம் கேட்டால் எந்தக் கேள்விக்கும் ஒரு பதில் இருக்கும். இதற்கும் ஒன்று இருந்தது.

"அத நீங்க உமாட்டதான் கேக்கணும் மாப்பிள்ளை" என்றேன்.

இன்று வரை அவர் கேட்கவில்லை.